பாட்டி அறையிலேயே இருக்கட்டும்

என் முதல் திரைக்கதையின் இரண்டாம் காட்சி பதினொரு பக்கம். சிங்கப்பூரில் ஒரு மூவறை அடுக்குமாடி வீட்டின் வரவேற்பறையில் அப்பா, மகன், மருமகள் மூவரும் வீட்டை விற்பதா வேண்டாமா என்று பேசுகிறார்கள். ஒருவர் முழுதாக முடித்த பிறகே மற்றவர் வாய் திறக்கிறார். நடுவில் அப்பா பழைய கம்பத்து (கிராமத்து) வாழ்க்கையை ஒன்றரைப் பக்கத்துக்கு நினைவுகூர்கிறார்; மகன் ஒன்றேகால் பக்கத்தில் பதிலடி கொடுக்கிறான். மருமகள் இருவருக்கும் காப்பி கொண்டுவருகிறாள்.

இயக்குநர் என்னைவிடப் பதினைந்து வயது இளையவர். தேக்கா உணவங்காடியில் எதிரே அமர்ந்து, தேநீர் ஆற ஆறப் படித்து முடித்தார். "நன்றாக இருக்கிறது அண்ணா. கேமராவை எங்கே வைப்பது?" என்று கேட்டார்.

"எங்கே வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளுங்கள்" என்றேன், பெருந்தன்மையாக.

அந்தப் பெருந்தன்மையை நினைத்தால் இன்றும் கூச்சமாக இருக்கிறது. அவர் கேட்டது ஏதோ தொழில்நுட்பக் கேள்வி என்று எண்ணிக்கொண்டேன். இந்தக் காட்சி யாருடையது, யாருடைய முகத்தைப் பார்த்தபடி இந்தப் பேச்சைக் கேட்க வேண்டும் என்றுதான் அவர் கேட்டிருக்கிறார். அதை யோசிக்காமலே பதினொரு பக்கம் எழுதியிருந்தேன். மேடையில் அந்தக் கவலை எழுத்தாளனுக்குக் குறைவு. இருக்கையில் அமர்ந்திருப்பவர் தனக்குப் பிடித்த முகத்தைப் பார்த்துக்கொள்வார்.

பதினான்கு ஆண்டுகள் மேடைக்கு எழுதியவன் நான். பகலில் ஒரு கிடங்கில் சரக்குக் கணக்கு. மாலை ஏழரைக்கு மவுண்ட்பேட்டன் நிலையத்தில் இறங்கி குட்மன் கலை நிலையத்துக்கு நடந்தால் ஒத்திகை. நடிப்பவர்களும் என்னைப் போலத்தான்: ஒரு தாதி, இரண்டு ஆசிரியர்கள், தேசிய சேவை முடித்துப் பல்கலைக்கழகத்துக்குக் காத்திருக்கும் ஒரு பையன். இரண்டு மாதம் ஒத்திகை பார்த்து, நூற்றிருபது பேர் அமரும் கறுப்பு அறை எனப்படும் சிற்றரங்கில் நான்கு முறை மேடையேற்றுவோம். உரிமத்துக்காக நாடகப் பிரதியைத் தகவல் தொடர்பு ஊடக மேம்பாட்டு ஆணையத்துக்கு அனுப்புவதிலிருந்து, இட்லிப் பொட்டலம் எண்ணுவது வரை எல்லாம் என் தலையில்தான். அந்த நான்கு இரவுகளுக்குப் பிறகு நாடகம் காற்றோடு போய்விடும். அது காற்றோடு போகாத இடம் ஒன்று வேண்டும் என்ற ஆசையில்தான் திரைக்கு எழுத ஒப்புக்கொண்டேன். முதலில் ஒரு குறும்படம், அடுத்து தொலைக்காட்சிக்கு ஒரு தொடர்.

மேடையில் எனக்கு இரண்டு நாற்காலியும் ஒரு கதவுச் சட்டமும் போதும். "வெளியே மழை கொட்டுகிறது" என்று நடிகர் சொன்னால் மழை கொட்டிவிடும். சொல்லால் ஊரைக் கட்டி எழுப்பும் அந்தப் பழக்கம் எங்கிருந்து எனக்கு வந்தது என்று பின்னர் யோசித்தேன். இந்த ஊரில் தமிழ் நாடகம் கேட்டு வளர்ந்தவர்களுக்கு வானொலி ஒரு பெரிய பள்ளிக்கூடம். புதுமைதாசன் என்ற பி. கிருஷ்ணன் 1960களின் இறுதியில் வானொலிக்கு எழுதிய 'அடுக்குவீட்டு அண்ணாசாமி' அடுக்குமாடிக்குக் குடிவந்த தலைமுறையின் வாழ்க்கையைக் காதுவழியே வீட்டுக்குள் கொண்டுவந்தது. அவர் 2008ல் கலாசாரப் பதக்கம் பெற்றவர். வானொலியில் எல்லாவற்றையும் சொல்லித்தான் ஆக வேண்டும். அங்கே அது குறை ஆகாது. நான் மேடையிலும் அதையே செய்துகொண்டிருந்தேன். என் நாடகங்கள் வேட்டி கட்டிய வானொலி.

பதினொரு பக்கக் காட்சிக்கு வாங்கிய அடியில் அடுத்த பிரதியை நேரெதிராக எழுதினேன். திரை என்றால் ஊர் சுற்ற வேண்டும் அல்லவா? 22 நிமிடக் கதையில் நாற்பத்தொரு காட்சி, பத்தொன்பது இடம். எம்ஆர்டி ரயிலுக்குள் ஒரு சண்டை, மருத்துவமனை வார்டில் ஓர் அழுகை, அப்பாவின் பால்ய நினைவுக்காகப் புலாவ் உபின் தீவுக்கு ஒரு படகுப் பயணம். தயாரிப்பு மேலாளர் என்னை அழைத்து ஒரு தாளை முன்னால் வைத்தார். ஒவ்வொரு காட்சிக்கும் ஒரு கட்டம். இடம், பகலா இரவா, எத்தனை நடிகர், என்ன பொருள். உபின் கட்டத்தில் சிவப்புப் பேனாவால் ஒரு வட்டம்.

"சாங்கி முனையில் படகு பன்னிரண்டு பேர் சேர்ந்தால்தான் கிளம்பும் அண்ணா. நாம் பதினேழு பேர். கருவிகள் வேறு. போக வர அரை நாள். இந்தக் காட்சி திரையில் எவ்வளவு நேரம்?"

"முப்பத்தைந்து நொடி."

அவர் மேற்கொண்டு ஒன்றும் சொல்லவில்லை. உபின் போனது. ரயிலுக்குள் சண்டையும் போனது, ஏனென்றால் ரயிலில் படமெடுக்க ரயிலை நடத்தும் நிறுவனத்தின் அனுமதி வேண்டும். எங்கள் வரவுசெலவு அதற்கெல்லாம் தாங்காது.

அந்தத் தாளை நான் வீட்டுக்கு எடுத்து வந்தேன். இன்றும் எழுதும் மேசையில் இருக்கிறது. திரைக்கு எழுத வரும் நாடகக்காரர்களுக்கு என்னால் கொடுக்க முடிந்த முதல் யோசனை இது: வசனம் எழுதுவதற்கு முன்பே ஒரு தயாரிப்பு மேலாளரோடு அரை மணி நேரம் உட்காருங்கள். ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குக் குழுவை நகர்த்துவதுதான் படப்பிடிப்பில் நேரத்தைத் தின்கிறது. ஆகவே ஒரே இடத்துக்குள் பல இடங்களைத் தேடுங்கள். ஒரு வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) புளோக்கில் வீடு, நீண்ட தாழ்வாரம், மின்தூக்கி வாசல், படிக்கட்டு, அஞ்சல் பெட்டிகள், கீழ்த்தளத்துக் கல்மேசை என்று ஆறு இடங்கள் இருக்கின்றன. நகர மன்றத்திடம் ஒரு விண்ணப்பம். வண்டியை நகர்த்தவே தேவையில்லை. என் மூன்றாம் பிரதியில் பத்தொன்பது இடங்கள் ஒரு புளோக்குக்குள் அடங்கின. ஆச்சரியம் என்னவென்றால் கதையும் இறுகியது. வீட்டை விற்கும் கதை அந்தப் புளோக்கை விட்டு வெளியே போயிருக்கவே கூடாது.

வீட்டுக்குள் வேறொரு பாடம். மேடையில் நான்காவது சுவர் கிடையாது. அந்தப் பக்கத்தில்தான் பார்வையாளர்கள். ஏறக்குறைய 65 சதுர மீட்டர் மூவறை வீட்டில் நான்கு சுவரும் திடமாக நிற்கின்றன. சமையலறையில் மூன்று நடிகர்களை நிறுத்தி நான் எழுதிய காட்சிக்கு, கேமராவைத் துணி துவைக்கும் இயந்திரத்தின் மேல்தான் வைக்க முடிந்தது. ஒளிப்பதிவாளர் குளிர்சாதனப் பெட்டிக்கும் சுவருக்கும் இடையில் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றார். அதன்பிறகு சமையலறைக்குள் இரண்டு பேருக்கு மேல் நான் அனுப்புவதில்லை. மூன்றாமவர் வாசற்படியில் நிற்பார். நிற்பதற்கு ஒரு காரணமும் தேட வேண்டியிருக்கும். அந்தக் காரணம் பல நேரங்களில் வசனத்தைவிட நன்றாக இருக்கும்.

குயிலைப் பற்றிச் சொல்ல வேண்டும். தமிழ்க் கவிஞர்கள் ஆயிரம் ஆண்டுகளாகக் கொண்டாடிய பறவை. எங்கள் ஒலிப்பதிவாளருக்கு அது ஜென்ம எதிரி. அப்பாவும் மகனும் கீழ்த்தளத்தில் நள்ளிரவில் பேசும் காட்சி, ஒத்திகையும் விளக்குமாக இழுத்துக்கொண்டே போய், விடியற்காலை ஐந்து மணிக்குத்தான் கடைசி ஷாட்டுக்கு வந்தது. அப்பா வாய் திறந்தார். எதிர் மரத்திலிருந்து 'குக்கூ' என்று ஏறிக்கொண்டே போகும் அந்தக் குரல். நிறுத்தினோம். ஐந்து நிமிடம் காத்திருந்தோம். அது ஓயவில்லை, அடுத்த புளோக்கிலிருந்து இன்னொன்று பதில் சொன்னது. நள்ளிரவுக் காட்சியில் குயில் கூவினால் சிங்கப்பூரில் அடுக்குமாடியில் வாழ்கிற எவரும் மணி என்ன என்று சொல்லிவிடுவார்கள். கிழக்கு வெளுக்க இன்னும் ஒன்றரை மணி நேரம் இருந்தது, ஆனால் வேறு வழி தெரியவில்லை. இயக்குநர் என் பக்கம் திரும்பினார். அங்கேயே, கல்மேசையில் தாளை வைத்து, காட்சியின் நேரத்தை மாற்றினேன். இருவரும் இரவு முழுக்க வாக்குவாதம் செய்து களைத்துப்போய் இருக்கிறார்கள். அப்பா குயிலைக் கேட்டதும் பேச்சை நிறுத்திவிட்டு, "விடிந்துவிட்டது, நீ வேலைக்குப் போக வேண்டும்" என்கிறார். எட்டு வரி வெட்டுப்பட்டது. படம் பார்த்தவர்கள் அந்தக் காட்சியைத்தான் சொல்கிறார்கள். எனக்குப் பாராட்டு கிடைத்த ஒரே வசனம் ஒரு பறவை எழுதிக் கொடுத்தது என்பதைச் சில நாள் மறைத்து வைத்திருந்தேன். எழுத்தாளன் படப்பிடிப்புக்கு வரக் கூடாது என்று சொல்பவர்கள் உண்டு. நான் போவேன், ஓர் ஓரத்தில் வாயை மூடிக்கொண்டு.

இனி மொழிக்கு வருகிறேன். என்னை மிகவும் திணறடித்தது இதுதான்.

மேடையில் என் மனிதர்கள் அனைவரும் தமிழ் பேசினார்கள். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. அரங்குக்குள் நுழைவதே ஓர் ஒப்பந்தம். திரையில், நிஜமான வீட்டில், நிஜமான சோபாவில், முப்பது வயதுத் தம்பதி தனியாக உட்கார்ந்து கடன் தவணையைப் பற்றித் தூய தமிழில் பேசினால் பொய்யாக ஒலிக்கிறது. 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி, இங்குள்ள இந்தியர்களில் 59.2 விழுக்காட்டினர் வீட்டில் மிகுதியாகப் பேசும் மொழி ஆங்கிலம். என் சொந்த வீடும் அந்தக் கணக்கில்தான் சேரும். ஆனால் தமிழ் ஒளிவழிக்கு எழுதும்போது தமிழில்தான் எழுத வேண்டும். எழுதவும் விரும்புகிறேன், அதற்காகத்தானே வந்தேன்.

பல வாரங்கள் தம்பதியின் பேச்சைச் செதுக்கிக்கொண்டிருந்தேன். சொற்களை எளிமையாக்கினேன், வாக்கியங்களை உடைத்தேன். பொய் போகவில்லை. ஒருநாள் என் அக்காள் வீட்டுக்குப் போயிருந்தபோது விடை கண்ணில் பட்டது. அக்காள் மகளும் அவள் கணவனும் ஆங்கிலத்தில் பேசிக்கொண்டிருந்தார்கள். அறையிலிருந்து என் அம்மா மெல்ல நடந்து வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். பேச்சு அப்படியே தமிழுக்குத் திரும்பியது. யாரும் யோசித்துத் திருப்பவில்லை. தண்ணீர் பள்ளத்துக்கு ஓடுவதுபோல் ஓடியது. அம்மா எழுந்து போனதும் மறுபடி ஆங்கிலம்.

அன்று இரவே எல்லா வீட்டுக் காட்சிகளிலும் ஒரு பாட்டியை உட்கார வைத்தேன். பெரும்பாலான காட்சிகளில் அவருக்கு ஒரு சொல்கூடக் கிடையாது. அவர் இருப்பதால் பேரன் தமிழ் பேசுகிறான். அந்தத் தமிழ் கொஞ்சம் தடுமாறுகிறது, அந்தத் தடுமாற்றமும் உண்மையாக இருக்கிறது. வீட்டை ஏற்கெனவே விற்க ஏற்பாடு செய்துவிட்டதைப் பாட்டியிடமிருந்து மறைக்க வேண்டும் என்றபோது மட்டும் தம்பதி ஒரு வரி ஆங்கிலத்துக்குத் தாவுகிறார்கள். மொத்தத் தொடரிலும் நான் கேட்டுப் பெற்ற ஆங்கிலம் அவ்வளவுதான். தாவிய அந்த நொடியே பாட்டிக்கு ஏதோ மறைக்கப்படுகிறது என்று தெரிந்துவிடுகிறது. அடுத்த வீட்டு மலாய் மூதாட்டியிடம் தாழ்வாரத்தில் பாசார் மலாயில், அதாவது சந்தைப் பேச்சு மலாயில், விசாரித்து முழு விவரத்தையும் தெரிந்துகொள்கிறார். கதையின் முடிச்சே அங்கிருந்துதான் வந்தது. என் மொழிச் சிக்கலைத் தீர்க்க வந்தவர் கதையை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

வசனம் பொய்யாக ஒலித்தால் வசனத்தைத் திருத்த உட்காராதீர்கள். அறையில் யார் இருக்கிறார்கள் என்று பாருங்கள்.

பாட்டியாக நடித்தவர் மேடையில் எனக்கு மூத்தவர். ஒலிவாங்கி இல்லாமல் கடைசி வரிசையை எழுப்பும் குரல். முதல் நாள் ஒலிப்பதிவாளர் மூன்று முறை குரலைக் குறைக்கச் சொன்னார். இடைவேளையில் அந்த நடிகை என்னிடம் வந்து, "தம்பி, நான் குறைத்துத்தான் பேசுகிறேன். உங்கள் வாக்கியம்தான் கத்துகிறது" என்றார். அவர் சொன்னது சரி. மூச்சு நிறைய இழுத்தால்தான் முடிக்கக்கூடிய நீளம்.

மற்ற இளம் நடிகர்களுக்கு வேறொரு தேவை. பலருக்குத் தமிழ் சரளமாகப் பேச வரும், எழுத்தில் படிக்க நேரமெடுக்கும். பிரதியை ரோமன் எழுத்தில் கேட்டார்கள். எனக்கு முதலில் கோபம் வந்தது, கொடுத்தும் பார்த்தேன். ல, ள, ழ மூன்றும் ஒன்றாகி, வாசிப்பு பாடம் ஒப்பிப்பதுபோல் ஆனது. கடைசியில் ஒவ்வொரு காட்சியையும் நானே இயல்பாகப் பேசிக் கைப்பேசியில் பதிவு செய்து அனுப்பினேன். அவர்கள் ரயிலில் கேட்டுக்கொண்டே வந்தார்கள். இதில் எனக்குத்தான் ஆதாயம். பேசிப் பதிவு செய்யும்போது வாய் மறுத்த வரிகளை அங்கேயே மாற்றிவிடுவேன்.

பக்கக் கணக்கு பற்றிச் சுருக்கமாக. ஆங்கிலத் திரைக்கதையில், கூரியர் எழுத்துரு 12 புள்ளி, ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்று ஒரு குத்துமதிப்பு உண்டு. தமிழுக்கு அதை நம்ப வேண்டாம். நம் சொற்கள் நீளம், இடத்தை அடைத்துக்கொள்ளும். என் பிரதியில் பேச்சு மிகுந்த பக்கம் நாற்பது நொடியில் ஓடிவிட்டது. பேச்சே இல்லாத அரைப் பக்கம் இரண்டு நிமிடம் எடுத்தது. கடிகாரம் வைத்து உரக்கப் படிப்பதைத் தவிர வேறு வழி எனக்குத் தெரியவில்லை.

படத்தொகுப்பு அறைக்கு எழுத்தாளர்கள் போவதில்லை. நான் கெஞ்சிக் கேட்டுப் போனேன். எடிட்டர் முதல் வெட்டைப் போட்டுக் காட்டிவிட்டு, "சார், இதில் ஒன்பது முறை காப்பி கொடுக்கிறார்கள்" என்றார். எண்ணியே வைத்திருந்தார். மேடையில் ஒருவர் உள்ளே வர வேண்டுமானால் நடந்து வர வேண்டும். வரும்போது ஏதாவது பேச வேண்டும். "வாங்க, உட்காருங்க, காப்பி குடிக்கிறீங்களா" அந்த இடைவெளியை நிரப்பும். திரையில் ஆள் ஏற்கெனவே உட்கார்ந்திருக்கலாம். ஒவ்வொரு காட்சியிலும் முதல் நான்கு வரியையும் கடைசி மூன்று வரியையும் அவர் வெட்டினார். எதுவும் குறையவில்லை. எட்டுக் காப்பி போனது. மிச்சம் இருந்த ஒன்று, வீடு வாங்க வந்தவருக்குப் பாட்டி கொடுப்பது. மற்றவை போனதால்தான் அதற்கு அர்த்தம் வந்தது.

அதே அறையில் இன்னொன்றையும் கண்டேன். நம் நிகழ்ச்சிகளுக்குக் கீழே ஆங்கில வசன வரிகள் ஓடும். நான் பெருமையாக எழுதிய ஒரு வரி: "இந்த வீட்டை, உங்கள் அம்மா கண்மூடிய இந்த வீட்டை, போன மாதமே நான்..." இங்கே நடிகர் நிறுத்துகிறார், மூச்சு வாங்குகிறார், "...விற்றுவிட்டேன்." தமிழில் வினை கடைசியில் வருவதை நம்பிக் கட்டிய மௌனம். ஆங்கில வரியோ அவர் வாய் திறந்த கணமே விற்றுவிட்டதைச் சொல்லி முடித்துவிட்டது. அவர் மூச்சு வாங்கும்போது திரைக்குக் கீழே ரகசியம் உடைந்து கிடக்கிறது. பக்கத்தில் இருந்த உதவியாளர், தமிழ் அறியாதவர், தலையசைத்துவிட்டு அடுத்த காட்சிக்குத் தயாராகிவிட்டார். "வாடகைக்கு இருப்பவன் வாடத்தான் வேண்டும்" என்ற என் சிலேடையும் ஆங்கிலத்தில் ஏதோ பொருளாதார அறிக்கைபோல் ஓடியது. இப்போது முக்கியமான செய்தியை நிறுத்தத்தின் பின்னால் ஒளிப்பதில்லை. "விற்றுவிட்டேன்" என்று முதலில் சொல்லட்டும், "எதை?" என்று மகன் கேட்கட்டும். பேச்சில் நாம் அப்படித்தானே வாக்கியத்தைத் திருப்பிப் போடுகிறோம். வரியை இரண்டாகப் பிரித்துக் காட்டும்படி கேட்கலாம், கேட்டால் செய்து தருவார்கள். ஆனால் எழுத்தாளன் கேட்க வேண்டும்.

பணம், ஒப்பந்தம் பற்றியும் சொல்லிவிடுகிறேன். நாடகப் பிரதி என்னுடையது என்ற நினைப்பிலேயே வாழ்ந்தவன், ஒரு தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்த பிரதியை மூன்று முறை திருத்துவதாக வாய்மொழியாக ஒப்புக்கொண்டு ஒன்பது முறை திருத்தினேன். கூடுதலாக ஒரு வெள்ளிகூடக் கிடைக்கவில்லை. 2021 நவம்பர் 21 அன்று நடப்புக்கு வந்த புதிய காப்புரிமைச் சட்டம், படைப்பைப் பொதுவில் பயன்படுத்துவோர் படைப்பாளரின் பெயரைக் குறிப்பிட வேண்டும் என்கிறது. பெயர் வரும். திருத்தத்தின் எண்ணிக்கை, ஒவ்வொரு தவணையும் எப்போது, அதே கதையை நான் பிறகு மேடையேற்றலாமா என்பதெல்லாம் ஒப்பந்தத்தில் எழுதினால்தான் உண்டு. கையெழுத்திடும் நாளில் கேட்கக் கூச்சப்பட்டால் பிறகு கேட்க முடியாது.

கடைசியாக நான் கேட்டு வாங்கிய வரி, மேடையுரிமை எனக்கு என்பது. அதனால் இந்த ஆண்டு அந்தக் கதையை நாடகமாக மறுபடி எழுதினேன். பாட்டி இருக்கிறார். எழுபத்தைந்து நிமிடமும் மேடையின் இடது ஓரத்தில் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார், பேசுவதில்லை. அதே மூத்த நடிகையிடம் பிரதியைக் கொடுத்தேன். குட்மன் கலை நிலையத்துத் தாழ்வாரத்தில் நின்றுகொண்டே ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினார். கடைசிப் பக்கம் வந்ததும் மறுபடி முதலிலிருந்து புரட்டினார்.

"எனக்கு எத்தனை வசனம் தம்பி?"

"ஒன்றுமில்லை அக்கா."

சிறிது நேரம் என்னையே பார்த்தார்.

"அப்படியானால் நாற்காலிக்கு மெத்தை போடச் சொல்லுங்கள்" என்றார்.